பதினோரு விநாடி

எனக்கு முன்கோபம் உண்டு. அதைவிட மோசமாக, நான் செய்வதெல்லாம் நல்லதற்குத்தான் என்ற நினைப்பும் உண்டு. இரண்டும் சேர்ந்தால் என்ன ஆகும் என்பதை 1979 நவம்பரில், மலேசியாவின் அலோர் ஸ்டாரில் ஒரு மண்டபத்தின் இருட்டில், பதின்மூன்று வயதுப் பெண் ஒருத்தி எனக்குக் காட்டினாள். அவள் பெயர் ராக்காயி. அந்த வருடம் முழுக்க, வேலை நேரத்தில் அந்தப் பெயரை அவள் சொல்ல முடியாமல் இருந்தாள்.

நான் அப்போது பாடாங் செராயிலிருந்து நான்கு மைல் உள்ளே இருந்த ஒரு ரப்பர் தோட்டத்தின் தமிழ்ப்பள்ளியில் தற்காலிக ஆசிரியை. பெயர் ஜெனவீவ். வீடு லூனாஸில். அப்பா ஆஸ்பத்திரி டிரெஸ்ஸர், ஞாயிற்றுக்கிழமை தவறாமல் மாதா கோயில் பூசைக்குப் போகிற குடும்பம். தோட்டத்துப் பிள்ளைகளின் வாழ்க்கை எனக்கு அத்துப்படி என்று நான் நம்பிக்கொண்டிருந்ததற்கு ஒரே காரணம், தினமும் மோட்டார் சைக்கிளில் அவர்கள் குடியிருந்த லயத்தைக் கடந்து போய் வந்ததுதான்.

அது அனைத்துலகக் குழந்தைகள் ஆண்டு. அலோர் ஸ்டாரில் ஒரு சங்கம் பிள்ளைகளின் படைப்புகளுக்குக் கண்காட்சி வைத்துப் பரிசும் கொடுப்பதாக அறிவித்தது. மற்ற பள்ளிகள் சித்திரம் வரையக் கிளம்பின. எனக்குச் சித்திரம் போதவில்லை. பாடாங் செராயில் ஸ்டூடியோ வைத்திருந்த சில்வெஸ்டர் அண்ணன், கல்யாணங்களைப் படம் பிடிக்க ஒரு சூப்பர் எட்டு சினிமா கேமரா வாங்கியிருந்தார். ஆடி மாதத்தில் யாரும் கல்யாணம் வைப்பதில்லை. கேமரா சும்மா கிடந்தது. கேட்டேன், கொடுத்தார்; இடையில் கல்யாணம் வந்தால் மட்டும் வாங்கிக்கொண்டு போவார்.

ஐந்து பெண்பிள்ளைகள் சேர்ந்தார்கள். நான் எடுக்கப்போவதில்லை, அவர்களே எடுக்கவேண்டும் என்பது என் திட்டம். ஒரு சுருள் மூன்று நிமிடம் இருபது விநாடி ஓடும். ஒருத்திக்கு ஒரு சுருள், அவசரத்துக்கு என்று ஒன்று உபரி, எனக்கு ஒன்றும் கிடையாது. முதல் வாரமே சண்டை வந்துவிட்டது. ரமணிக்கு அவள் அம்மா பேன் பார்ப்பதை நவமணி படம் பிடித்துவிட்டாள்.

"ஏய், அத யார்கிட்டயாச்சும் காட்டுன, ஒன் கேமராவ ஆத்துல போட்டுருவேன் பாத்துக்க" என்று ரமணி கத்தினாள்.

"என் சுருளு லா. நான் எத வேணும்னாலும் எடுப்பேன்."

"ஒன் சுருளு. என் தலடி அது!"

அரை மணி நேரம் வாதாடி, ஐந்து பேரும் ஒரு சட்டம் போட்டார்கள். அதைக் கரும்பலகையின் மூலையில் எழுதி, அழிக்கக் கூடாது என்று சுற்றிக் கோடும் போட்டார்கள். படத்தில் யார் முகமோ, கத்தரிக்கோல் அவர் கையில். முகம் இருப்பவர் வேண்டாம் என்றால் வெட்டவேண்டும், மறுபேச்சு கிடையாது. நான் பெருமையோடு கைதட்டினேன். இந்தச் சட்டத்தை எல்லாருக்கும் முன்னால் ஆமோதித்தது நான்தான், மறக்கவேண்டாம்.

அந்த ஐவரில் ராக்காயி மட்டும் அப்போது பள்ளி மாணவி இல்லை. ஆறாம் வகுப்பு முடித்ததோடு அவளை நிறுத்திவிட்டார்கள். அவள் அப்பா அய்யாவு, மறுநடவுக்கு மரம் சாய்க்கும்போது அடியில் சிக்கி இறந்துபோனவர். அம்மா காளியம்மா பால்மரத்தைக் கீறி ரப்பர் பால் எடுக்கிறவர். அக்கா குணவதி வெளிக்காட்டில் புல் வெட்டிக்கொண்டிருந்தவள், முந்தின வருடத் தீபாவளிக்கு முன் பினாங்குத் தொழிற்சாலைக்குப் போனாள், போனவள் அங்கேயே ஒருவனைக் கட்டிக்கொண்டாள். கடிதம்கூட இல்லை.

குணவதி போனது சாதாரண விஷயமில்லை. புது மேனேஜர் டக்ளஸ், தமிழர்தான், ஜொகூரிலிருந்து வந்த கையோடு ஒரு சட்டம் போட்டிருந்தார். லயத்து வீடு வேண்டுமென்றால் குடும்பத்தில் இரண்டு பேராவது தோட்டத்தில் பேர் பதிந்து வேலை செய்யவேண்டும். காளியம்மா ஒருத்தி போதாது. ராக்காயிக்கு வயது போதாது. ஆகவே ஜனவரி முதல் ராக்காயி அக்காவின் பேரில் வேலைக்குப் போனாள். அக்காவின் நீளக்கைச் சட்டை, அக்காவின் தொப்பி. காலையில் வேலையாட்கள் கூடும் பெரட்டில் பேர் கூப்பிடும் கணக்குப்பிள்ளை, கிராணி தர்மலிங்கத்துக்கு இது தெரியும். அய்யாவு செத்த அன்று காலை அவரை அந்தக் காட்டுக்கு அனுப்பியவர் இந்தக் கிராணிதான். அந்த உறுத்தலில் கண்டும் காணாதவர் மாதிரி இருந்தார். தோட்டம் முழுக்கத் தெரியும். மேனேஜர் ஒருவருக்குத்தான் தெரியாது.

தெரிந்தால் என்ன ஆகும் என்பதும் எல்லாருக்கும் தெரியும். மார்ச் மாதம் கீழ்லயத்தில் ஒரு குடும்பம் இதே மாதிரி மாட்டிக்கொண்டது. மத்தியானத்துக்குள் அவர்களுடைய கட்டில், சட்டிபானை, சாமிப்படம் எல்லாம் லாரியில் ஏறிவிட்டன. அந்த வீட்டுக் குழந்தை என் முதலாம் வகுப்பு மாணவன். சிலேட்டைக்கூட எடுத்துக்கொண்டு போகவில்லை.

ராக்காயி நான் நடத்திய சாயங்கால வகுப்புக்கு மட்டும் வருவாள். களைக்கு மருந்தடித்த நாளில் உள்ளங்கை வெந்து தோல் உரிந்திருக்கும், பென்சிலை இரண்டு விரலால் பிடிப்பாள். படம் எடுக்கிற ஐவரில் அதிகம் பேசாதவள், அதிகம் யோசிப்பவள். தன் சுருளை மிச்சம் வைத்து வைத்துத்தான் செலவழிப்பாள்.

ஏழு மணிக்கு நடக்கும் வெளிக்காட்டுப் பெரட்டை எடுத்தது நவமணி. கிராணியிடம் அனுமதி கேட்கப் போனேன். சினிமா என்றதும் மனிதர் மறுநாள் தலைக்கு எண்ணெய் தடவி, படிய வாரிக்கொண்டு வந்து நின்றார். நவமணி கேமராவைப் பிடித்தாள். அந்தக் கேமராவில் ஒலி பதியாது என்பதால் ரமணி பக்கத்தில் கேசட் ரெக்கார்டரோடு நின்றாள். கிராணி வழக்கத்தைவிடக் கணீரென்று பேர்களைக் கூப்பிட்டார். எல்லாரும் கை தூக்கினார்கள். நல்லபடியாக முடிந்தது என்று பசியாறப் போனோம்.

சுருள்கள் கழுவக் கோலாலம்பூருக்குப் போய், திரும்பி வர ஒன்றரை மாதம் ஆனது. ஒரு சனிக்கிழமை பிற்பகல் வகுப்பறைச் சன்னல்களில் கோணிச்சாக்கைக் கட்டி, கரும்பலகைமேல் என் வீட்டுப் படுக்கை விரிப்பைத் தொங்கவிட்டோம். சில்வெஸ்டர் அண்ணன் ஐந்து சுருளையும் ஒன்றாக ஒட்டிப் புரொஜெக்டரை ஓட்டினார். ரமணி ஒன்று இரண்டு மூன்று எண்ணி கேசட்டைத் தட்டினாள்.

பனி, தலையில் கோணிக் கொங்காணி போட்ட பெண்கள், கிராணியின் எண்ணெய்த் தலை. பிள்ளைகள் சிரித்து உருண்டார்கள்.

"குணவதி!" என்றது கேசட்.

திரையில் ராக்காயி. தொப்பி கண் வரைக்கும் இறங்கியிருக்கிறது. பேர் கூப்பிட்ட பிறகு அரை விநாடி அவள் சும்மா நிற்கிறாள். வேறு யாரோ பதில் சொல்லுவார்கள் என்று காத்திருப்பவள் மாதிரி பக்கவாட்டில் பார்க்கிறாள். பிறகு கை மேலே போகிறது. "இருக்கேங்கய்யா."

வகுப்பறையில் சிரிப்பு நின்றது.

"அலாமா" என்றாள் நவமணி, வாயைப் பொத்திக்கொண்டு. "நான்தானே டீச்சர் எடுத்தேன். எனக்கு ஒண்ணுமே தோணலியே."

யாருக்கும்தான் தோன்றவில்லை. எடுத்தவளுக்கு, பதிவு செய்தவளுக்கு, தலை வாரிக்கொண்டு வந்த கிராணிக்கு, பக்கத்தில் நின்ற எனக்கு. ஜனவரியிலிருந்து தினமும் கேட்டுக் கேட்டு அது எங்களுக்குப் பழகிவிட்டது. ஒரு பிள்ளையை இன்னொருத்தி பேரில் கூப்பிடுவது, பால்வாளி மாதிரி, லயத்துக் குழாய் மாதிரி, தோட்டத்தில் இருக்கிற ஒன்றாகிவிட்டது. வெள்ளைத்துணியில் பார்த்தபோதுதான் அது எங்கள் எல்லாருக்கும் கண்ணில் பட்டது.

"டீச்சர், அந்த எடத்த வெட்டணும்" என்றாள் ராக்காயி.

நான் உடனே சரி என்று சொல்லவில்லை. "அலோர் ஸ்டார்ல ஒன்ன யாருக்குத் தெரியும்? தோட்டத்து ஆளுங்க யாரும் அங்க வரமாட்டாங்களே" என்றேன்.

"படம் எங்க எங்க போவும்னு ஒங்களுக்குத் தெரியுமா டீச்சர்?"

தெரியாது. மேசையிலிருந்து கத்தரிக்கோலை எடுத்து அவளிடம் கொடுத்தேன். சில்வெஸ்டர் அண்ணன் இடத்தைக் காட்ட, அவளே வெட்டினாள். என் கை நீளம்தான் இருந்தது அந்தத் துண்டு. பதினோரு விநாடி. அந்த இடத்தில் நவமணி எடுத்த பால்வாளிகளைச் சரியாகப் பதினோரு விநாடிக்கு அளந்து ஒட்டினோம், கேசட் பிசகக் கூடாது என்று. பேர் கேட்டால் பரவாயில்லை, முகம் தெரியாவிட்டால் போதும் என்றாள் ராக்காயி. வெட்டிய துண்டைச் சுருட்டித் தீப்பெட்டியில் வைத்து என்னிடம் நீட்டினாள்.

"எரிச்சிடுங்க டீச்சர். எங்க வீட்ல எரிச்சா அம்மா என்னா ஏதுன்னு கேப்பாங்க. பயந்துருவாங்க."

"எரிச்சிடறேன்" என்றேன். அப்போது எரிப்பதாகத்தான் இருந்தேன்.

எரிக்கவில்லை. தீப்பெட்டி என் கைப்பையில் ஒரு மாதம் கிடந்தது. பள்ளியில், பூசையில், படுக்கையில் எனக்கு அந்த அரை விநாடிதான் ஞாபகம். மிச்சப் படத்தில் பாண்டி ஆட்டம் இருந்தது, தண்ணீர் சுமப்பது இருந்தது, தம்பியைத் தூக்கிக்கொண்டு பாடம் படிப்பது இருந்தது. எல்லாம் நன்றாகத்தான் இருந்தன. ஆனால் ஒரு தோட்டத்துப் பெண்பிள்ளையின் வாழ்க்கை என்ன என்று கேட்டால் அந்த அரை விநாடிதான் பதில். அதைப் பார்த்த நடுவர் எவனும் மறக்கமாட்டான். பத்திரிகையில் வரும். என் படமும் வரும். இதையும் நினைத்தேன், ஒளிப்பானேன்.

கண்காட்சிக்கு ஒரு வாரம் முன்பு ஸ்டூடியோவுக்குப் போனேன். பால்வாளிகளைக் கழற்றிவிட்டு அந்தத் துண்டைத் திரும்ப ஒட்டச் சொன்னேன்.

"பிள்ள ஒத்துக்கிருச்சா தங்கச்சி?" என்று சில்வெஸ்டர் அண்ணன் கேட்டார்.

"ஒத்துக்கிட்டா" என்றேன்.

பிள்ளைகளிடம் சொல்லவில்லை. ராக்காயி ஒருநாள் கேட்டாள். எரித்துவிட்டேன் என்றேன். மண்டபத்தில் எப்படிச் சமாளிப்பேன் என்றா கேட்கிறீர்கள்? கைதட்டல் வந்தால் கோபம் ஆறிவிடும் என்று கணக்குப் போட்டிருந்தேன். பிள்ளைகளுக்கு மிட்டாய் கொடுத்துச் சமாதானப்படுத்திப் பழகிய புத்தி.

அலோர் ஸ்டாருக்குச் சில்வெஸ்டர் அண்ணனின் வேனில் போனோம். இரண்டு மணி நேரம். பிள்ளைகள் ஐந்து பேரும் தீபாவளிச் சட்டையில். ராக்காயி மட்டும் சன்னலோரம் உட்கார்ந்து, படத்தின் ஒவ்வொரு காட்சிக்கும் எத்தனை விநாடி என்று மனப்பாடமாக எண்ணிக்கொண்டு வந்தாள். ரமணியின் கேசட் தவறினால் எடுத்துக்கொடுப்பது அவள் வேலை.

மண்டபத்தில் இருநூறு பேர் இருக்கும். நடுவழியில் மேசை போட்டு புரொஜெக்டரை வைத்தோம். பக்கத்தில் தரையில் பிள்ளைகள். விளக்கை அணைக்கப் போகும் சமயம், சங்கத்துக்காரர் ஒலிபெருக்கியில் வரவேற்றார்.

"ஒத்துழைப்பு நல்கிய தோட்ட நிர்வாகத்தின் சார்பில் மேனேஜர் திரு. டக்ளஸ் அவர்கள்..."

முதல் வரிசையில் ஒருவர் எழுந்து கும்பிட்டு உட்கார்ந்தார். பக்கத்தில் எண்ணெய்த் தலை. கிராணி தர்மலிங்கம் திரும்பி எங்களைப் பார்த்துப் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். தன்னைத் திரையில் பார்க்க வந்த சந்தோஷம்.

"அய்யோ, தொர வந்திருக்காரு டீச்சர்!" என்றாள் நவமணி குதூகலமாக. "நல்லவேள, அத வெட்டிட்டோம்."

விளக்கு அணைந்தது. ரமணி எண்ணினாள். படம் ஓட ஆரம்பித்தது.

அந்த இடம் ஆறாவது நிமிடத்தில் வரும். எனக்கு ஆறு நிமிடம் இருந்தது. புரொஜெக்டரின் விசை என் கைக்கு எட்டும் தூரத்தில். ஒரே தட்டு, முடிந்துவிடும். நிறுத்தினால் ஏன் என்று பிள்ளைகள் கேட்பார்கள். அந்த ஒரு கேள்விக்குப் பயந்து நான் நின்றேன். நான்கு பேர் குடியிருந்து, ஒருவர் செத்து, ஒருத்தி ஓடிப்போய், மிச்சமிருந்த ஒரு வீடு லாரியில் ஏறப்போகிறது, நான் என் மானத்தை எண்ணிக்கொண்டு நிற்கிறேன். மூன்றாவது நிமிடத்தில் மக்கள் பாண்டி ஆட்டத்தைப் பார்த்துச் சிரித்தார்கள். நான்காவதில் விசைமேல் விரலை வைத்தேன், எடுத்துவிட்டேன். மாதாவே, கரண்டு போகட்டும் என்று வேண்டினேன். அன்றைக்கென்று கரண்டு போகவில்லை.

திரையில் பனி வந்தது. பெரட்டுக் களம். கேசட்டில் கிராணியின் குரல் பேர்களைக் கூப்பிட ஆரம்பித்தது. முன்வரிசையில் தர்மலிங்கம் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

நான் குனிந்து ராக்காயியின் காதில் சொன்னேன். "பால்வாளி இல்ல. நீதான் வரப்போற. நான் திரும்ப ஒட்டிட்டேன்."

அவள் என் பக்கம் திரும்பவே இல்லை. உதடு எண்ணிக்கொண்டிருந்தது. எழுந்தாள். மேசையைச் சுற்றி நடந்தாள். புரொஜெக்டரின் முன்னால் போய் நின்று, வலது கையைத் தூக்கி, உள்ளங்கையால் லென்ஸை மூடினாள்.

திரை இருண்டது. விரலிடுக்கில் மட்டும் கொஞ்சம் சிவப்பு கசிந்தது.

"குணவதி!" என்று இருட்டில் கேசட் கூப்பிட்டது. "இருக்கேங்கய்யா" என்றது.

"ஓய், என்னா இது?" "கைய எடு பிள்ள!" என்று கூட்டம் கத்தியது. சில்வெஸ்டர் அண்ணன் பதறி அவள் மணிக்கட்டைப் பிடித்தார். அவள் விடவில்லை. அந்தக் கையில் போன வாரம்தான் தோல் உரிந்திருந்தது, விளக்குச் சூட்டில் எப்படி எரிந்திருக்கும் என்று நான் இன்றைக்கும் நினைத்துக்கொள்கிறேன். எட்டு, ஒன்பது, பத்து, பதினொன்று. கையை எடுத்தாள். திரையில் நவமணியின் தம்பி சைக்கிள் டயரை உருட்டிக்கொண்டு ஓடினான்.

மேனேஜர் எழுந்து நின்று திரும்பியிருந்தார். புரொஜெக்டர் வெளிச்சம் ராக்காயியின் முகத்தில் நன்றாகவே விழுந்தது. பக்கத்தில் தர்மலிங்கமும் எழுந்துவிட்டார். தன் குரல் கூப்பிட்ட பேரையும், அந்த நேரத்தில் மூடிய கையையும் அவர் சேர்த்துப் பார்த்துவிட்டார். மனிதரின் முகத்தில் ரத்தமே இல்லை.

"யாரு அந்தப் பொண்ணு? பேரு என்னம்மா?" என்றார் மேனேஜர்.

கிராணி எங்கள் பக்கம் ஓரடி வைத்தார்.

"ராக்காயி" என்றாள். அந்த முறை அரை விநாடித் தாமதம்கூட இல்லை.

"எந்த வேலைல இருக்குது?"

"வேல இல்லீங்க சார்" என்றார் தர்மலிங்கம், அவளை முந்திக்கொண்டு. "செத்துப்போன அய்யாவு மவ, சின்னது. வீட்ல இருக்குது. படத்துல எதோ பூச்சி ஒட்டிருச்சி போல, தட்டி விட்டிச்சி."

மேனேஜர் இன்னும் கொஞ்ச நேரம் அவளைப் பார்த்தார். பிறகு உட்கார்ந்தார்.

பரிசு கிடைக்கவில்லை. நடுவர் ஒருவர் வந்து, அந்தக் கை எதைக் குறிக்கிறது, மிக ஆழமாக இருந்ததே என்று விசாரித்தார். பூச்சி என்றேன்.

மண்டபத்துக்குப் பின்னால் ராக்காயி சுருளைக் கேட்டு வாங்கினாள். தானே தேடி, தானே வெட்டி, சில்வெஸ்டர் அண்ணனின் லைட்டரால் கொளுத்தினாள். அது சுருண்டு, கரும்புகை விட்டு, சிமெண்டில் ஒழுகியது. ஒழுகியதையும் செருப்பால் தேய்த்தாள். "எப்ப ஒட்டுனீங்க டீச்சர்?" என்று மட்டும் கேட்டாள். போன வாரம் என்றேன். வேனில் ஐந்து பேரும் என்னை விட்டுத் தள்ளிப் பின்னால் உட்கார்ந்தார்கள். சில்வெஸ்டர் அண்ணன்கூட என்னைத் தங்கச்சி என்று கூப்பிடவில்லை.

மறுநாள் தர்மலிங்கம் பள்ளிக்கு வந்தார். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன், திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"தொர மொகத்தப் பாத்துட்டாரு டீச்சர். இனிமே அவரு காடில வந்து பாக்குற காட்டுக்கு அவள அனுப்ப முடியாது. ஆத்தோரத்துக்குப் போட்டிருக்கேன். தூரந்தான், சுசா தான், கஷ்டப்படுவா. வேற வழியில்ல லா."

ஆற்றோரக் காடு என்றால் போக ஒரு மணி நேரம், வர ஒரு மணி நேரம், முழங்கால் வரை அட்டை. சாயங்கால வகுப்பு முடிகிற நேரத்தில்தான் அவளால் லயத்துக்கே வந்துசேர முடியும். வீடு தப்பியது. படிப்பு போனது. அதை எடுத்தது மேனேஜர் இல்லை, நான்.

டிசம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடித்துக் கேமராவைத் திருப்பிக் கொடுக்க எடுத்துவைத்திருந்தேன். தை பிறந்தால் சில்வெஸ்டர் அண்ணனுக்குக் கல்யாணங்கள் வந்துவிடும். ஐந்து பேரும் பள்ளிக்கு வந்தார்கள். ராக்காயியின் காலில் அட்டை கடித்த தழும்புகள்.

"ஒரு சுருளு மிச்சம் இருக்குதானே டீச்சர்?" என்றாள். "நீங்க நில்லுங்க. நான் எடுக்கறேன்."

மன்னித்துவிட்டாள், ஞாபகத்துக்கு என்னைப் படம் எடுக்கப்போகிறாள் என்று நினைத்தேன். முடியைச் சரிசெய்துகொண்டு கரும்பலகை முன்னால் நின்றேன். அப்படி ஒரு ஜென்மம் நான்.

"என்ன பேசணும்?"

"தீப்பெட்டியப் பத்திப் பேசுங்க."

ரமணி கேசட்டை எடுத்தாள். ராக்காயி தடுத்தாள். "டேப் வேணாம். படம் மட்டும் போதும்." ஏன் என்று எனக்குப் புரிந்தது. என் குரல் பதிந்தால் அவள் ரகசியமும் பதியும்.

கேமரா ஓடியது. மூன்று நிமிடம் இருபது விநாடி. கரும்பலகை மூலையில் அழியாமல் இருந்த அந்தச் சட்டத்துக்குப் பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் சொன்னேன். ஒத்துக்கொண்டாள் என்று சில்வெஸ்டர் அண்ணனிடம் சொன்ன பொய்யை, எரித்துவிட்டேன் என்ற பொய்யை, பத்திரிகையில் என் படம் வரும் என்று நினைத்ததை, விசைமேல் வைத்து எடுத்த விரலை. பிள்ளைகள் பெஞ்சில் உட்கார்ந்து கேட்டார்கள். யாரும் அழவில்லை, என்னைத் தவிர.

அந்தச் சுருள் பிப்ரவரியில் கழுவி வந்தது. மறுபடி கோணிச்சாக்கு, மறுபடி என் படுக்கை விரிப்பு. திரையில் ஒருத்தி சத்தமில்லாமல் வாயசைத்துக்கொண்டிருந்தாள். ஓரிடத்தில் பேச்சை நிறுத்திப் பக்கவாட்டில் பார்க்கிறாள், வேறு யாராவது பதில் சொல்லுவார்கள் என்று காத்திருப்பவள் மாதிரி.

படம் முடிந்ததும் ராக்காயி கத்தரிக்கோலை என் பக்கம் நீட்டினாள், பிடி என் கைக்கு வரும்படி.

"ஒங்க மொகம் டீச்சர். வேணாம்னா வெட்டிருங்க."

வாங்கினேன். மேசைமேல் வைத்தேன். "இருக்கட்டும்" என்றேன்.

"சரி" என்றாள். விடிந்தால் வேலை, நேரமாகிறது என்று எழுந்து போனாள்.

மறுநாள் காலை பள்ளி வாசலில் மோட்டார் சைக்கிளை நிறுத்தும்போது மணி ஏழு. பெரட்டுக் களத்திலிருந்து தர்மலிங்கத்தின் குரல் கேட்டது. "குணவதி!"

"இருக்கேங்கய்யா" என்று பதில் வந்தது. அரை விநாடிகூடத் தாமதிக்காமல், உடனே வந்தது.